பிரிந்த சுருள்களும் கிடைத்த அடைவும்: ஜிகா வெர்தோவின் ‘புரட்சியின் ஆண்டுநிறைவு’ (1918) ஆவணப்படத்தின் இழப்பும் மீட்பும் – பதிப்பியல் நோக்கு

ஆய்வுச் சுருக்கம்

சோவியத் ஆவணப்பட முன்னோடியான ஜிகா வெர்தோவ் 1918ஆம் ஆண்டில் தொகுத்தளித்த ‘புரட்சியின் ஆண்டுநிறைவு’ என்னும் மௌனப்படம் பல பத்தாண்டுகள் மறைந்துபோன படமாகவே கருதப்பட்டது. 2017இல் கிடைத்த இடைத்தலைப்புப் பட்டியல் ஒன்றின் துணையால் திரைப்பட வரலாற்றறிஞர் நிக்கோலாய் இஸ்வோலோவ் அதனை மீட்டுருவாக்கினார். 2018 நவம்பரில் ஆம்ஸ்டர்டாம் நகரின் பன்னாட்டு ஆவணப்பட விழாவில் அது திரையிடப்பட்டது. இப்படத்தின் இழப்பு, பொருள் அழிந்ததால் மட்டும் நேர்ந்ததன்று. வரிசையும் பெயரும் அழிந்ததால் நேர்ந்தது என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. மறைந்த தமிழ் நூல்களை மீட்ட பதிப்பியல் மரபின் கருத்தாக்கங்கள் இம்மீட்பின் தன்மையையும் எல்லையையும் விளங்கிக்கொள்ள எவ்வாறு துணைபுரிகின்றன என்பதும் ஆராயப்படுகிறது.

திறவுச் சொற்கள்: ஜிகா வெர்தோவ், மௌனப்படம், ஆவணப்படம், மீட்டுருவாக்கம், அடைவு, பதிப்பியல், தொகைநூல்.

முன்னுரை

ஒரு நூல் மறைந்துவிட்டது என்று கூறும்போது அதன் ஏடுகள் செல்லரித்தோ தீக்கிரையாகியோ வெள்ளத்தில் மூழ்கியோ போயின என்பதே பொதுவாக மனத்தில் எழும் பொருள். மௌனப்படங்களின் இழப்பும் இவ்வாறே பேசப்படுகிறது. நைட்ரேட் அடித்தளம் கொண்ட அக்காலப் படச்சுருள் எளிதில் தீப்பற்றும். தீயிலிருந்து தப்பினாலும் நாளடைவில் பிசுபிசுத்துப் பொடியாகும். உலகின் மௌனப்படங்களுள் பெரும்பகுதி இன்று காணக்கிடைக்காமைக்கு இது முதன்மையான காரணம். சென்னையில் ஆர். நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’ உள்ளிட்ட தென்னிந்திய மௌனப்படங்களும் இவ்வழியே மறைந்தவற்றுள் அடங்கும்.

எனினும் இழப்பு என்பது எப்போதும் அழிவு ஆகாது. ஒரு படத்தின் காட்சிகள் ஓர் ஆவணக் காப்பகத்தின் அடுக்குகளில் நல்ல நிலையில் இருக்க, அந்தப் படம் மட்டும் இல்லாமற்போதல் இயலும். ‘புரட்சியின் ஆண்டுநிறைவு’ அவ்வாறு இழக்கப்பட்டது. இங்கு மீட்பு என்பது பூட்டிய பெட்டியொன்றைத் திறந்து சுருளை எடுக்கும் தற்செயல் நிகழ்வாக இராமல், சான்றுகளை அடுக்கி முடிவு காணும் பதிப்புப் பணியாக அமைந்தது. ஆகவே இதன் வரலாறு திரைப்படத் துறைக்கு மட்டுமன்றி மூலபாட ஆய்விற்கும் உரியது.

1. படத்தின் தோற்றம்

ஜிகா வெர்தோவ் 1896இல் பியாலிஸ்தோக் நகரில் பிறந்தவர். தாவீது காஃப்மன் என்பது அவரது இயற்பெயர். அவர்தம் இளவல்களுள் மிகயீல், போரிஸ் ஆகிய இருவரும் பின்னாளில் புகழ்பெற்ற ஒளிப்பதிவாளர்கள் ஆயினர். 1918இல் மாஸ்கோ திரைப்படக் குழுவில் பணியேற்ற வெர்தோவ், ‘கினோ நெதேல்யா’ (‘திரை வாரம்’) என்னும் வாரச் செய்திப்படத்தின் ஆக்கத்தில் ஈடுபட்டார். ஒவ்வோர் இதழும் சில நிமிடங்களே ஓடும்; அவற்றுள் அரசியல் கூட்டம், போர்முனை, இறுதி ஊர்வலம், தெருக்காட்சி முதலியன இடம்பெற்றன.

அவ்வாண்டின் நவம்பர் 7ஆம் நாள் புரட்சியின் முதலாம் ஆண்டு நிறைவு வந்தது. பழைய நாட்காட்டியின்படி அக்டோபர் 25இல் நிகழ்ந்த புரட்சி, 1918இல் ரஷ்யா புதிய நாட்காட்டிக்கு மாறிய பின்னர் நவம்பரில் கொண்டாடப்படலாயிற்று. இந்நாளுக்கென, 1917இன் பிப்ரவரிப் புரட்சி தொடங்கி 1918 வரையிலான நிகழ்வுகளைக் காட்டும் முழுநீளப் படமொன்றை ஆக்கும் பொறுப்பு வெர்தோவிடம் வந்தது. அப்போது அவருக்கு வயது 22. அவர் புதிதாக ஒரு காட்சியையும் நடிப்பித்து எடுக்கவில்லை. முன்னரே பல்வேறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த செய்திப்படத் துண்டுகளைத் தேர்ந்து, வரிசைப்படுத்தி, இடைத்தலைப்புகளால் இணைத்தார். கெரென்ஸ்கியின் இடைக்கால அரசு, அரசியல் நிர்ணய அவையின் கலைப்பு, பிரெஸ்ட்-லித்தோவ்ஸ்க் உடன்படிக்கை, உள்நாட்டுப் போர், லெனின், டிராட்ஸ்கி முதலிய தலைவர்கள் எனப் படம் விரிந்தது. சுமார் 2 மணி நேரம் ஓடக்கூடிய அப்படம் 30 படிகள் எடுக்கப்பட்டு மாஸ்கோவிலும் பிற ஊர்களிலும் காட்டப்பட்டது. பரப்புரைத் தொடர்வண்டிகளிலும் பயணம் செய்தது.

செய்திப்படம் என்பது சில நிமிடத் துணுக்காகவே அறியப்பட்ட காலத்தில், செய்திப்படத் துண்டுகளைக் கொண்டே ஒரு வரலாற்றை 2 மணி நேரத்திற்கு எடுத்துரைத்தமை இப்படத்தின் தனித்தன்மை. ஆவணப்படத்தின் இலக்கணம் வகுக்கப்படாத காலம் அது. அமெரிக்கரான ராபர்ட் ஃபிளாகர்ட்டியின் ‘நானூக் ஆஃப் த நார்த்’ வெளிவந்த ஆண்டு 1922. வெர்தோவின் புகழுக்கு நிலைக்களமான ‘திரைப்படக் கருவியுடன் ஒரு மனிதன்’ வெளிவந்ததோ 1929இல்தான். எனவே இப்படத்தின் மறைவு, ஆவணப்பட வரலாற்றின் தொடக்கப் பக்கங்களுள் ஒன்று கிழிந்துபோனதற்கு ஒப்பாகும்.

2. தொகுத்தோனும் ஆக்கியோனும்

இப்படத்தின் காட்சிகளைப் பதிவு செய்தோர் பலர், தொகுத்தவர் ஒருவர். படம் யாருடையது என்னும் வினா இங்கு எழுகிறது. தமிழ்த் தொகை மரபை அறிந்தோர்க்கு இது புதிய வினா அன்று. குறுந்தொகைப் பாடல்களைப் பாடினோர் பலராக இருக்க, அதனைத் தொகுத்தவராகப் பூரிக்கோவின் பெயர் தனியே குறிக்கப்படுகிறது. பாட்டின் உரிமை புலவருக்கும் தொகையின் உரிமை தொகுத்தோனுக்கும் உரியதாக மரபு பகுத்துக் கண்டது. அடியளவு, பொருட்பகுப்பு, வரிசை ஆகியவற்றால் தொகை தனக்கென ஓர் உருவம் பெறுகிறது. தனிப்பாடல்கள் யாவும் எஞ்சினும் அவ்வுருவம் சிதைந்தால் தொகை என்னும் நூல் இல்லையாகிவிடும்.

இவ்வேறுபாடு வெர்தோவின் படத்திற்கு முற்றும் பொருந்துகிறது. தனிக்காட்சி ஒளிப்பதிவாளருக்கு உரியது. அக்காட்சி எதன் பின், எதன் முன், எந்தத் தலைப்பின் கீழ் வருகிறது என்பது தொகுத்தோனுக்கு உரியது. பின்னாளில் வெர்தோவ் தம் கட்டுரைகளிலும் அறிக்கைகளிலும் படத்தொகுப்பையே திரைக்கலையின் உயிராக வற்புறுத்தினார். அக்கொள்கைக்கு முன்னரே அதற்கான செயல் இப்படத்தில் நிகழ்ந்திருந்தது. ஆதலின் காட்சிகள் எஞ்சினும் வரிசை அழிந்தபோது வெர்தோவின் பங்களிப்பே அழிந்தது எனல் தகும்.

3. இழப்பின் மூவகை

இப்படத்தின் வரலாற்றை நோக்கும்போது இழப்பை மூன்றாகப் பகுத்துக் காணலாம்.

முதலாவது பொருளழிவு. சுருள் எரிதல், சிதைதல், தேய்தல் ஆகியன இதன்பாற்படும். இரண்டாவது அடைவழிவு. துண்டுகள் எஞ்சியிருந்தும் அவை நின்ற வரிசை மறைதல் இதுவாகும். மூன்றாவது பெயரழிவு. எஞ்சிய துண்டு எந்தப் படத்தைச் சேர்ந்தது, அதில் இருப்போர் யாவர், எங்கு எப்போது எடுக்கப்பட்டது என்னும் அடையாளம் நீங்குதல் இதுவாகும்.

பொருளழிவு மீட்க முடியாதது. அடைவழிவும் பெயரழிவும் மீட்கத் தக்கவை. ஆனால் கண்டறிவதற்கு அரியவை. அழிந்த பொருளின் இடம் வெறுமையாகத் தோன்றுவதால் இழப்பு உணரப்படும். அடைவும் பெயரும் அழிந்த பொருளோ வேறொரு பெயரில், வேறொரு பெட்டியில், வேறொரு படத்தின் உறுப்பாக இருப்பதால் இழப்பே உணரப்படுவதில்லை. ‘புரட்சியின் ஆண்டுநிறைவு’ படத்தின் பெரும்பகுதி மாஸ்கோவிற்கு அருகிலுள்ள கிராஸ்னோகோர்ஸ்க் நகரின் அரசு ஆவணத் திரைப்பட, நிழற்படக் காப்பகத்தில் தனித்தனித் துண்டுகளாக இருந்தது. காப்பகத்திற்குச் சென்றோர் அத்துண்டுகளைப் பார்க்க முடிந்தது. படத்தைப் பார்க்க இயலவில்லை.

4. சிதறலுக்கான காரணங்கள்

30 படிகள் எடுக்கப்பட்ட ஒரு படத்தின் முழுப்படி ஒன்றுகூட எஞ்சாமைக்குக் காரணம் யாது? இவ்வினாவிற்கு மூன்று விடைகள் காணத்தக்கன.

முதலாவது, பயன்பாடே தேய்வாக அமைதல். ஓலைச்சுவடியைப் படிப்பதாலும் படியெடுப்பதாலும் நூல் நிலைபெறும். ஏடு நைந்தால் புதிய ஏட்டில் எழுதிக்கொள்வர். திரைப்படத்தின் இயல்பு வேறு. ஒவ்வொரு காட்டுதலிலும் சுருள் கருவியின் பற்சக்கரத்தில் ஓடிக் கீறல் பெறுகிறது. விளிம்புத் துளைகள் கிழிகின்றன. கிழிந்த இடம் வெட்டி ஒட்டப்படுகிறது. ஊர் ஊராகச் சென்று மக்கள் பலர் கண்ட படிகளே விரைவில் பயனற்றுப்போயின. படிகளின் எண்ணிக்கை படத்தைப் பரப்பியது, காக்கவில்லை.

இரண்டாவது, பொருட்பற்றாக்குறை. உலகப்போராலும் உள்நாட்டுப் போராலும் வெளிநாட்டுப் படச்சுருள் வரத்து அருகியது. உள்நாட்டில் அதனை உற்பத்தி செய்யும் ஆலைகளும் அப்போது இல்லை. ஆகவே எடுத்த காட்சிகளையே மீண்டும் மீண்டும் பயன்படுத்தும் தேவை எழுந்தது. செய்திப்படத் துண்டு ஒரு படத்தின் நிலையான உறுப்பாகக் கருதப்படாது, வேண்டும்போது எடுத்தாளும் கருவூலப் பொருளாகக் கருதப்பட்டது. வெர்தோவின் தொகுப்பே அவ்வாறு பிறந்தது; அது சிதைந்ததும் அவ்வாறே. 1927இல் எஸ்ஃபிர் ஷூப் ‘ரோமனோவ் மரபின் வீழ்ச்சி’, ‘பெருவழி’ ஆகிய படங்களைப் பழைய செய்திப்படங்களிலிருந்து தொகுத்தார். தொகுப்பு ஆவணப்படம் என்னும் வகைமை வளர வளர, முந்தைய தொகுப்புகள் அதற்கு மூலப்பொருள் ஆயின.

மூன்றாவது, அரசியல் மாற்றம். 1918இல் புதிய அரசின் முகங்களாகத் திரையில் தோன்றியோருள் பலர் அடுத்த 20 ஆண்டுகளில் பகைவராக அறிவிக்கப்பட்டனர். செஞ்சேனையை உருவாக்கிய டிராட்ஸ்கி 1929இல் நாடு கடத்தப்பட்டு 1940இல் கொல்லப்பட்டார். அவர் தோன்றும் காட்சி ஸ்டாலின் ஆட்சிக்காலத்தில் பொதுமக்கள் முன் காட்டத் தகாததாயிற்று. நிழற்படங்களிலிருந்து முகங்கள் நீக்கப்பட்ட காலம் அது. பெயரைச் சொல்ல முடியாத மனிதர்களை மையமாகக் கொண்ட ஒரு படத்தை முழுமையாகப் பேணும் ஊக்கம் எந்த நிறுவனத்திற்கும் இருந்திருக்க இயலாது. வெர்தோவின் ‘லெனினைப் பற்றிய மூன்று பாடல்கள்’ (1934) என்னும் பிற்காலப் படமும் 1938இல் திருத்தி அமைக்கப்பட்டது. அவர்தம் மனைவியும் படத்தொகுப்பாளருமான எலிசவேத்தா ஸ்விலோவா 1970இல் அதன் மீட்டுருவாக்கத்தில் பங்குகொண்டார். வெர்தோவின் படங்களுக்குப் பாடவேறுபாடு புறத்தே இருந்து திணிக்கப்பட்டமைக்கு இது சான்று.

இம்மூன்று காரணங்களும் ஒன்றையொன்று வலுப்படுத்தின. தேய்வால் முழுப்படிகள் குறைந்தன. பற்றாக்குறையால் எஞ்சியவை வெட்டப்பட்டன. அரசியலால் வெட்டுண்டவற்றை மீண்டும் இணைப்பார் இலராயினர்.

5. அடைவின் கண்டெடுப்பு

2017இல் மாஸ்கோவிலுள்ள ரஷ்ய அரசு இலக்கிய, கலை ஆவணக் காப்பகத்தில், இப்படத்தின் இடைத்தலைப்புகளைப் பட்டியலிட்ட சுவரொட்டி ஒன்று கண்டறியப்பட்டது. மௌனப்படத்தில் இடைத்தலைப்பு என்பது காட்சிகளுக்கிடையே திரையில் தோன்றும் எழுத்து. இடம், காலம், மாந்தர் பெயர், நிகழ்வின் பொருள் ஆகியவற்றை அது அறிவிக்கும். எனவே தலைப்புகளின் பட்டியல் அப்படத்திற்கு நூலின் உள்ளுறைப் பட்டியல் போன்றதாகும். மூன்று இழப்புகளுள் இரண்டனுக்கு மருந்து அந்த ஒரு தாளில் இருந்தது. வரிசையைத் தந்தமையால் அடைவழிவு நீங்கியது. நிகழ்வுகளையும் மாந்தரையும் பெயர் சுட்டியமையால் பெயரழிவு நீங்க வழி பிறந்தது.

இஸ்வோலோவ் இப்பட்டியலை மூலச்சான்றாகக் கொண்டு கிராஸ்னோகோர்ஸ்க் காப்பகத்தில் கிடந்த துண்டுகளை இனங்கண்டு வரிசைப்படுத்தினார். இத்தகைய பணியில் புறச்சான்றும் அகச்சான்றும் ஒன்றையொன்று தாங்கி நிற்க வேண்டும். பட்டியல் புறச்சான்று. துண்டில் காணப்படும் மாந்தர், உடை, பருவநிலை, கட்டடம், பதாகையின் எழுத்து, சுருளின் வெட்டும் ஒட்டும் ஆகியன அகச்சான்று. புறச்சான்று ‘இங்கு இது இருந்தது’ என்னும். அகச்சான்று ‘இது அதுவாதல் கூடும்’ என்னும். இரண்டும் ஒத்த இடத்தில் முடிவு வலிமை பெறும்; ஒன்று மட்டும் உள்ள இடத்தில் அது கருதுகோளாகவே நிற்கும்.

இம்முறை ஒரு படத்தோடு நின்றுவிடவில்லை. உள்நாட்டுப் போரைப் பற்றி வெர்தோவ் தொகுத்து, 1921இல் மாஸ்கோவில் கூடிய மூன்றாம் பொதுவுடைமை அகிலப் பேராயத்தின் பேராளர்களுக்குக் காட்டப்பட்ட ‘உள்நாட்டுப் போரின் வரலாறு’ என்னும் படமும் அவ்வாறே சிதறியிருந்தது. இஸ்வோலோவின் மீட்டுருவாக்கத்தால் அது 2021இல் ஆம்ஸ்டர்டாம் விழாவில் மீண்டும் திரையேறியது. 30 படிகள் எடுக்கப்பட்ட படமும், பேராளர்களைத் தாண்டிப் பரவாத படமும் ஒரே கதியை அடைந்து ஒரே வழியில் மீண்டன என்பது சிந்திக்கத்தக்கது.

6. தமிழ்ப் பதிப்பியலோடு ஒப்புநோக்கு

மறைந்த தமிழ் நூல்களின் மீட்பு வரலாறு இந்நிகழ்வை நோக்குவதற்கு ஓர் அளவுகோலைத் தருகிறது. முத்தொள்ளாயிரத்தின் பாடல்கள் நமக்குக் கிடைப்பதற்குப் புறத்திரட்டு என்னும் தொகைநூல் பெருங்காரணம். தகடூர் யாத்திரை, வளையாபதி, குண்டலகேசி ஆகியவற்றின் எஞ்சிய பாடல்களும் புறத்திரட்டு வழியாகவும் உரையாசிரியர்களின் மேற்கோள் வழியாகவும் அறியப்படுகின்றன. ஒரு நூலிலிருந்து எடுத்தாளப்பட்ட பகுதி, எடுத்தாண்ட நூலின் துணையால் உயிர்பிழைத்தது. வெர்தோவின் காட்சிகளுக்கும் மறுபயன்பாடு இவ்வாறு ஓரளவு காப்பாக அமைந்தது.

ஆயின் ஓர் அடிப்படை வேறுபாடு உண்டு. மேற்கோள் காட்டும் உரையாசிரியர் மூல ஏட்டிலிருந்து பாடலைப் பெயர்த்தெழுதுகிறார். மூல ஏட்டில் பாடல் அவ்வாறே இருக்கும். படத்தொகுப்பாளரோ மூலச்சுருளிலிருந்தே காட்சியை வெட்டி எடுத்துக்கொள்ள நேர்கிறது. சுவடி மரபில் மேற்கோள் ஒரு படி. திரை மரபில் அது பெரும்பாலும் பிரித்தெடுப்பு. முன்னதில் எடுத்தாளுதல் மூலத்தைக் குறைப்பதில்லை. பின்னதில் எடுத்தாளுதலே மூலத்தைச் சிதைக்கும்.

குண்டலகேசியின் நிலை இன்னொரு வகையில் கருதத்தக்கது. அந்நூலின் பாடல்கள் பலவற்றின் முதற்குறிப்புகள் நீலகேசி உரையில் காணப்படுகின்றன, பாடல்களோ கிடைக்கவில்லை. அங்கு அடைவின் சுவடு உண்டு, பொருள் இல்லை. வெர்தோவின் படத்தில் பொருள் இருந்தது, அடைவு இல்லை. இரண்டும் சேர்ந்தாலன்றி நூல் இல்லை என்பதை இவ்விரு நிலைகளும் எதிரெதிர்த் திசையிலிருந்து மெய்ப்பிக்கின்றன. பாட்டு முதற்குறிப்பு அகராதி, பொருளடைவு, பாயிரம், கொளு முதலியவற்றைத் துணைப்பகுதியாகக் கருதும் வழக்கம் மறுசிந்தனைக்கு உரியது. மூலம் சிதறும்போது நூலைத் தாங்கி நிற்பவை அவையே.

7. மீட்டுருவின் எல்லைகள்

மீட்டெடுக்கப்பட்ட படம் 1918இல் மக்கள் கண்ட படமேயா? இவ்வினாவைத் தவிர்த்துவிட்டு மீட்பைக் கொண்டாடுதல் ஆய்வு நெறியாகாது.

இடைத்தலைப்புப் பட்டியல் தலைப்புகளின் வரிசையைத் தரும். ஒரு தலைப்பிற்கும் அடுத்த தலைப்பிற்கும் இடையில் எத்தனை காட்சித்துண்டுகள் இருந்தன, ஒவ்வொன்றும் எவ்வளவு நேரம் நீடித்தது, எந்த அசைவில் வெட்டப்பட்டது என்பவற்றைப் பட்டியல் மட்டும் தர இயலாது. அவற்றைத் துண்டுகளின் உடல்நிலையிலிருந்தே உய்த்துணர வேண்டும். பல காட்சிகள் தம் பழைய ஒட்டுகளோடு தொடர்ச்சியாக எஞ்சிய இடத்தில் 1918இன் தொகுப்பு நேரடியாகவே நிற்கிறது எனலாம். தனித்துண்டுகளைக் கூட்டி நிரப்பிய இடத்தில் வரிசை வெர்தோவினுடையது. காட்சிகளின் நுண்ணிய இசைவு பதிப்பாசிரியரின் உய்த்துணர்வு. யாப்பியல் வழக்கில் கூறுவதாயின், பாடல்களின் நிரல் மீண்டுவிட்டது. சிதைந்த அடிகளின் சீரும் தளையும் எல்லா இடத்தும் மீண்டன என்று கொள்ளுதல் கூடாது.

ஓட்ட வேகமும் கருதத்தக்கது. மௌனப்படக் காலத்தில் சுருள் கையால் சுழற்றும் கருவிகளில் பதிவாயிற்று. காட்டும் வேகமும் அரங்கிற்கு அரங்கு மாறியது. ஆகவே ‘சுமார் 2 மணி நேரம்’ என்னும் அளவும் இன்றைய மீட்டுருவின் அளவேயன்றி, 1918இல் எல்லா ஊர்களிலும் நிலவிய அளவாகாது.

இத்தகைய எல்லைகளை மறைக்காது காட்டுவதற்குப் பதிப்பாசிரியனுக்கு அடிக்குறிப்பு என்னும் கருவி உண்டு. ஐயப்பாடு உள்ள சொல்லைச் சுட்டவும், சிதைந்த அடியைப் புள்ளியிட்டுக் காட்டவும், பாடவேறுபாட்டைத் தரவும் நூற்பதிப்பில் இடம் இருக்கிறது. உ.வே. சாமிநாதையரின் பதிப்புகள் பெற்ற மதிப்பிற்கு அவர் தம் ஐயங்களையும் வேறுபாடுகளையும் வாசகர்முன் வைத்தமை ஒரு காரணம். ஓடிக்கொண்டிருக்கும் திரைப்படத்தில் அடிக்குறிப்பிற்கு இடமில்லை என்பதே பொதுக்கருத்து. இக்குறையைப் போக்கும் முயற்சியாக இஸ்வோலோவும் நடாஷா துருபெக்-மேயரும் ‘ஹைப்பர்கினோ’ என்னும் முறையை வகுத்தனர். படத்தின் குறிப்பிட்ட இடங்களில் எண்கள் தோன்றும். அவ்வெண்ணைத் தெரிவு செய்வோர்க்கு எழுத்து, நிழற்படம், ஆவணம் ஆகியவற்றாலான விளக்கம் திறக்கும். திரைப்படத்திற்கு உரைநூல் எழுதும் முயற்சி இது. மீட்டுருவாக்கப்பட்ட ஒவ்வோர் ஆவணப்படமும் இத்தகைய விளக்கப் பதிப்பையும் பெறுதல் வேண்டும். எது மூலம், எது நிரப்பம் என்பதைப் பார்வையாளர் பிரித்தறிய இயலாதவிடத்து, மீட்பே புதியதோர் இடைச்செருகலாகும் இடர் உண்டு.

8. மீட்பின் வரலாற்றுப் பயன்

1917இன் அக்டோபர் நிகழ்வுகளைக் காட்ட நூல்களிலும் தொலைக்காட்சியிலும் அடிக்கடி எடுத்தாளப்படும் குளிர்கால அரண்மனைத் தாக்குதல் காட்சி, பெரும்பாலும் அந்நிகழ்வின் பத்தாம் ஆண்டையொட்டிச் செர்கேய் ஐசன்ஸ்டைன் எடுத்த ‘அக்டோபர்’ என்னும் கதைப்படத்தைச் சார்ந்தது; 1920இல் பெத்ரோகிராதில் நிகழ்ந்த பெருந்திரள் நாடகத்தின் நிழற்படமும் அவ்வாறே மெய்ந்நிகழ்வின் பதிவாகக் காட்டப்பட்டதுண்டு. நடிப்புக் காட்சி ஆவணத்தின் இடத்தைப் பிடித்துக்கொள்ள, உண்மையான ஆவணக் காட்சிகள் பெயரின்றிக் காப்பகத்தில் கிடந்தன. வரலாற்றுச் சான்றியல் நோக்கில் இது எளிய செய்தியன்று.

ஒரு காட்சியின் பொருள் அது நிற்கும் இடத்தால் மாறும் என்பதற்கும் இப்படத்தின் காலம் சான்று தருகிறது. 1918 ஆகஸ்ட் 30 அன்று லெனின் சுடப்பட்டார். குணமடைந்தபின் அவர் கிரெம்ளின் முற்றத்தில் உலவும் காட்சி அவ்வாண்டின் இலையுதிர் காலத்தில் படமாக்கப்பட்டது. அவ்வாண்டில் அதனைக் கண்டோர்க்கு அது, ‘அவர் உயிரோடு இருக்கிறார்’ என்னும் செய்தி. 1924இல் அவர் மறைந்த பின்னர் நினைவுப் படங்களில் அதே காட்சி இரங்கற் குறிப்பாயிற்று. துண்டு ஒன்றே, பொருள் இரண்டு. காட்சியை அது முதலில் நின்ற காலச்சூழலில் மீண்டும் நிறுத்தும்போதுதான் அதன் முதற்பொருள் வெளிப்படும். அடைவின் மீட்பு என்பது இவ்வகையில் பொருளின் மீட்பும் ஆகிறது.

மேலும், முடிவு தெரிந்தபின் எழுதப்படும் வரலாறும், முடிவு தெரியாத நிலையில் தொகுக்கப்படும் வரலாறும் வேறானவை. 1918 நவம்பரில் உள்நாட்டுப் போர் முடிந்திருக்கவில்லை; புதிய அரசு நிலைக்குமா என்பதும் உறுதியாகவில்லை. பின்னர் யார் வீழ்வர், யார் எழுவர் என்பதை வெர்தோவ் அறியார். இது நடுநிலையான பதிவு ஆகாது. அரசின் பரப்புரைக்காக ஆக்கப்பட்ட படம் என்பதில் ஐயமில்லை. ஆயினும் அது 1918இன் பரப்புரை; 1938இன் பரப்புரை அன்று. பிற்காலத்தார் அழித்த முகங்கள் அதில் தம் இடத்திலேயே இருக்கின்றன. அவ்விருப்பே அதனை மறுக்கவியலாத சான்றாக்குகிறது.

முடிவுரை

இவ்வாய்வில் பெறப்படும் கருத்துகள் வருமாறு:

‘புரட்சியின் ஆண்டுநிறைவு’ படத்தின் மறைவில் பொருளழிவைக் காட்டிலும் அடைவழிவும் பெயரழிவும் மிகுதியாகப் பங்கு வகித்தன. தொகுப்பு ஆவணப்படத்தில் வரிசையே ஆசிரியத்துவம் ஆதலின், வரிசையின் இழப்பு படத்தின் இழப்பாயிற்று.

அதிகப் படிகள் எடுத்தல் ஒரு படைப்பைக் காக்கும் என்னும் கருத்து ஓலைச்சுவடிக்குப் பொருந்துமளவு படச்சுருளுக்குப் பொருந்தவில்லை. சுவடி மரபில் எடுத்தாளுதல் காப்பாகவும், திரை மரபில் அது சிதைவாகவும் காப்பாகவும் ஒருங்கே அமைகின்றது.

படத்தை மீட்டது நீண்ட சுருள் ஒன்றன்று; ஒரு சுவரொட்டி. திரைப்படப் பாதுகாப்பு என்பது சுருளைக் குளிர்பதன அறையில் வைப்பதோடு முடிவதில்லை. பாட்டுப்புத்தகம், துண்டறிக்கை, விளம்பரம், தணிக்கைக் குறிப்பு, தலைப்புப் பட்டியல் ஆகிய உதிரித் தாள்களையும் மூலச்சான்றாக மதித்துப் பேணுதல் வேண்டும்.

மீட்டுருவாக்கம் ஒரு பதிப்பு. அதற்குப் பதிப்பாசிரியர் உண்டு. அவர்தம் தெரிவும் ஐயமும் அதில் உண்டு. அவற்றை வெளிப்படக் காட்டும் மீட்டுருவே ஆய்வுலகம் நம்பத்தக்கதாகும்.

காப்பகங்களின் அடுக்குகளில் ‘அடையாளம் காணப்படாதவை’ என்னும் தலைப்பின் கீழ்க் கிடக்கும் துண்டுகள் உலகெங்கும் மிகப் பல. அவற்றுள் மறைந்தன என்று பட்டியலிடப்பட்ட படங்களின் உறுப்புகளும் இருத்தல் கூடும். மூலபாட ஆய்வில் பயிற்சியுடைய தமிழ் ஆய்வாளர்க்கு இக்களத்தில் ஆற்றத்தக்க பணி உண்டு. சிதறிய ஏடுகளை நிரல்படுத்திப் பழகிய கண், சிதறிய சுருள்களையும் நிரல்படுத்த இயலும்.